தபால் பட்டமும் காலேஜ் வாசலும்

(ஒரு வாசகசாலை மாலைக் கூட்டத்தில் செய்த பிரசங்கம்)



இன்று எனக்குக் கொடுக்கப்பட்டிருக்கும் விஷயம், வீட்டிலிருந்தபடியே தபால் மூலம் படித்து வாங்கிய பட்டம், மேற்கொண்டு ஒரு சர்வகலாசாலையில் சேருவதற்குச் சட்டப்படி செல்லுமா என்பதாகும். கூட்டத்தைக் கூட்டிய தோழர்கள் "கரஸ் டிகிரி செல்லுமா, அய்யா?" என்று ஒரு துண்டுக் காகிதத்தில் எழுதிக் கொடுத்தார்கள். செல்லும் என்று ஒரே வார்த்தையில் சொல்லிவிட்டு நான் உட்கார்ந்துவிடலாம். ஆனால் அப்படிச் சொல்லிவிட்டுப் போனால், நாளைக்கு உங்களில் ஒருவர் சர்ட்டிபிகேட்டைத் தூக்கிக்கொண்டு லா காலேஜுக்குப் போய், அங்கே குமாஸ்தா செல்லாது என்று சொல்ல, திரும்பி வந்து என்னைத்தான் திட்டுவார். ஆகையால் எது செல்லும், எது செல்லாது, செல்லாததில் எது நியாயமாய்ச் செல்லாது, எது அநியாயமாய்ச் செல்லாது என்று பிரித்துச் சொல்ல வேண்டியவனாயிருக்கிறேன்.

முதலாவதாக, பட்டம் என்றால் என்ன? காலேஜ் கட்டடத்துக்குள் மூன்று வருஷ காலம் உட்கார்ந்து எழுந்ததற்குக் கொடுக்கப்படும் கூலி என்றே நம்மில் பெரும்பாலோர் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். கோவிலுக்குள் போனால்தான் புண்ணியம் என்பதற்கும் இதற்கும் அதிக வித்தியாசமில்லை. சென்னைச் சர்வகலாசாலை 1857-ஆம் வருஷம் ஏற்பட்டது. அது ஏற்பட்ட காலத்தில் ஒரு பிள்ளைக்காவது ஒரு பாடமாவது அது நடத்தினதா என்றால், இல்லை. பாடம் சொல்லும் வேலை அதில் சேர்ந்திருந்த காலேஜுகளைச் சேர்ந்தது; பரீட்சை வைப்பதும், தேறினவனுக்குப் பட்டம் கொடுப்பதுமே சர்வகலாசாலையின் வேலை. லண்டன் சர்வகலாசாலையைப் பார்த்து அந்த மாதிரியில் செய்யப்பட்டதுதான் நம்முடையது. அந்த லண்டன் சர்வகலாசாலையோ, அடுத்த வருஷமே, அதாவது 1858-லேயே, இன்னும் ஒருபடி மேலே போய், "எந்தக் காலேஜிலும் நீ படித்திருக்க வேண்டியதில்லை, எங்கே இருந்தாலும் சரி, எங்கள் பரீட்சையை எழுதித் தேறினால் பட்டம்" என்று திறந்துவிட்டது. இலங்கையில் 1921-இல் கொழும்பில் ஏற்பட்ட யூனிவர்சிட்டி காலேஜுக்குச் சொந்தமாய்ப் பட்டம் கொடுக்கும் அதிகாரம் கிடையாது. 1942-இல் இலங்கைச் சர்வகலாசாலை வரும்வரை அங்கே படித்தவர்கள் லண்டன் பரீட்சையைக் கொழும்பிலிருந்தே எழுதி, லண்டன் முகத்தையே பாராமல் லண்டன் பட்டதாரியானார்கள். அந்தப் பட்டத்தைப் பார்த்து "இது கரஸ்தானே?" என்று எவனும் உதட்டைப் பிதுக்கவில்லை. லண்டன் என்ற பெயருக்கு அவ்வளவு மரியாதை! கூலிக்காரனும் கண்டக்டரும் அதே வழியில் படிக்க ஆரம்பித்த பிறகுதான் அந்த வழி மட்டமாகிவிட்டது போலும்.

வெளிதேசத்து விஷயம் ஒன்று சொல்லுகிறேன். தென் ஆப்பிரிக்காவில் நெல்சன் மண்டேலா என்ற பெயரை நீங்கள் எல்லோரும் கேட்டிருப்பீர்கள். அவர் 1940-இல் போர்ட் ஹேர் காலேஜில் மாணவர் தகராறு ஒன்றில் சிக்கி வெளியேற நேர்ந்தது. ஜோகன்னஸ்பர்க் பட்டணத்துக்குப் போய், பகலில் ஒரு வக்கீல் கம்பெனியில் குமாஸ்தா வேலை பார்த்துக்கொண்டு, மிச்ச நேரத்தில் தென் ஆப்பிரிக்கச் சர்வகலாசாலையின் பி.ஏ. பாடங்களைத் தபால் மூலம் படித்து முடித்தார். அந்தப் பட்டத்தை வைத்துக்கொண்டுதான் 1943-இல் விட்வாட்டர்ஸ்ராண்ட் சர்வகலாசாலையில் சட்டம் படிக்கச் சேர்ந்தார். கறுப்பு மனிதனுக்கு எங்கே போனாலும் வாசலை அடைத்துக்கொண்டிருந்த தேசம் அது. அங்கேகூட "நீ வகுப்பில் உட்கார்ந்து பி.ஏ. படிக்கவில்லை, போ" என்று அவரைத் திருப்பி அனுப்பவில்லை. பிற்பாடு அவர் 27 வருஷம் சிறையில் கிடந்ததும், அந்தச் சிறையிலிருந்தபடியே 1989-இல் அதே தபால் சர்வகலாசாலையில் சட்டப் பட்டத்தை முடித்ததும் தனிக் கதை.

நிற்க. நம் தேசத்துக்கு வருவோம். இங்கே 1962-இல் டில்லிச் சர்வகலாசாலை தபால் படிப்பை ஆரம்பித்தது. தமிழ்நாட்டில் மதுரையும், அண்ணாமலையும், சென்னையும் 1970-களிலும் 80-களின் தொடக்கத்திலும் பின்தொடர்ந்தன. 1985-இல் இந்திரா காந்தி பெயரால் தேசம் முழுமைக்கும் ஒரு திறந்தநிலைச் சர்வகலாசாலையும், 2002-இல் தமிழ்நாட்டுக்கென்று ஒன்றும் சட்டம் போட்டு ஏற்படுத்தினார்கள். இவை தனி மனிதர் வைத்த கடைகளல்ல. சட்டசபையும் பார்லிமெண்டும் சட்டம் செய்து, வரிப் பணத்தைக் கொட்டி வைத்தவை. அப்படிப்பட்ட ஸ்தாபனம் முத்திரை குத்திக் கொடுத்த காகிதத்தை இன்னொரு சர்க்கார் ஸ்தாபனம் செல்லாது என்று சொன்னால், அது சர்க்கார் அடித்த ரூபாயைச் சர்க்கார் கஜானாவே வாங்க மறுப்பதற்கு ஒப்பாகும்.

சட்டம் அப்படி மறுக்கிறதா என்றால், பொதுவில் மறுக்கவில்லை. யூ.ஜி.சி. என்கிற பல்கலைக்கழக மானியக் குழு 2020-இல் தொலைநிலைப் படிப்புக்கும் ஆன்லைன் படிப்புக்கும் சேர்த்து ஒரு விதித் தொகுப்பு செய்தது. அதன் 22-வது விதியை ஆதாரமாகக் காட்டி, அங்கீகாரம் பெற்ற ஸ்தாபனத்தில் தொலைநிலையிலோ ஆன்லைனிலோ பெற்ற பட்டமும் காலேஜுக்குப் போய்ப் பெற்ற அதே பட்டமும் சமம் என்று 2022 செப்டம்பரில் ஊரறிய அறிக்கை விட்டது. சமம் என்றால் சமம்தான்! எம்.ஏ.வில் சேரவந்த ஒருவரை "நீ தபால் பி.ஏ." என்ற ஒரே காரணத்துக்காகத் தள்ளுவதற்கு எந்தக் காலேஜ் பிரின்ஸிபாலுக்கும் அதிகாரமில்லை. நுழைவுப் பரீட்சை வைக்கட்டும், மார்க்குப் பார்க்கட்டும். அது எல்லோருக்கும் பொதுவாயிருக்கட்டும்.

இதில் சில தோழர்கள் ஒன்றோடொன்றைப் போட்டுக் குழப்பிக்கொள்ளுகிறார்கள். தபாலில் சட்டம் படிக்க முடியாது. வைத்தியம், இன்ஜினீயரிங், நர்ஸ் வேலை, மருந்தாளர் படிப்பு ஆகிய இவைகளையும் தபாலில் படிக்க அந்த 2020 விதிகள் இடங்கொடுக்கவில்லை. அது நியாயமே. புஸ்தகத்தைப் பார்த்து ஊசி போடக் கற்றுக்கொண்டவனிடம் நான் கையை நீட்டமாட்டேன். ஆனால் தபாலில் சட்டம் படிக்கக்கூடாது என்பது வேறு, தபாலில் பி.ஏ. படித்தவன் சட்டக் காலேஜுக்குள் போகக்கூடாது என்பது வேறு. முன்னது விதி, பின்னது புரளி. பார் கவுன்சில் 2008-இல் செய்த சட்டக் கல்வி விதிகளில் 5-வது விதியே, பிளஸ் டூவையோ முதல் பட்டத்தையோ தபால் வழியிலோ தொலைநிலையிலோ படித்தவர்களும் சட்டப் படிப்பில் சேரத் தகுதியுள்ளவர்கள் என்று தெளிவாய்ச் சொல்லுகிறது. அந்தப் பக்கத்தை நகல் எடுத்துப் பையில் வைத்துக்கொண்டு போங்கள். வாசலில் உட்கார்ந்திருப்பவருக்கு அநேகமாய் அது தெரிந்திராது.

ஆனால் அதே விதிக்கு அடியிலே ஒரு விளக்கம் என்று போட்டிருக்கிறார்கள். சங்கடமெல்லாம் அந்த விளக்கத்தில்தான் இருக்கிறது. அடிப்படைப் படிப்பு எதுவுமில்லாமல் திறந்தநிலைச் சர்வகலாசாலை மூலம் நேரடியாய்ப் பட்டம் வாங்கியவர்கள் சட்டப் படிப்பில் சேரத் தகுதியில்லை என்பதே அது.

யார் இவர்கள்? ஒரு பஸ் கண்டக்டரை எடுத்துக்கொள்ளுங்கள். சிறு வயதில் தகப்பன் போய்விட்டான். எட்டாவதோடு தறியில் உட்கார்ந்தார், பிறகு பஸ்ஸில் ஏறினார். அல்லது ஒரு பெண்ணை எடுத்துக்கொள்ளுங்கள். வயதுக்கு வந்தாள் என்று பள்ளிக்கூடத்திலிருந்து நிறுத்தினார்கள், பதினேழில் தாலி கட்டினார்கள், இரண்டு பிள்ளைகள் ஆன பிறகு தனக்கும் ஒரு மூளை இருக்கிறது என்ற ஞாபகம் வந்து படிக்க ஆசைப்பட்டாள். இவர்களைப் போன்றவர்களுக்காகத்தான் யூ.ஜி.சி. 1985-இல் செய்த தொலைநிலைக் கல்வி விதிகளில் ஒரு வழி வைத்திருந்தது. முன்படிப்பு இல்லாவிட்டாலும், 21 வயது முடிந்து, சர்வகலாசாலை வைக்கும் நுழைவுப் பரீட்சையில் தேறினால் முதல் பட்டப் படிப்பில் சேரலாம் என்பதே அந்த வழி. இவர்கள் திருட்டு வழியில் நுழையவில்லை. சர்க்கார் "இந்த வழியாய் வா" என்று பலகை நட்டு, ஆளையும் நிறுத்தி, பரீட்சை வைத்து உள்ளே விட்டது. மூன்று வருஷம் பணம் வாங்கியது, புஸ்தகம் அனுப்பியது, பரீட்சை வைத்தது, தேறினாய் என்று பட்டமும் கொடுத்தது. எல்லாம் ஆன பிறகு, சட்டக் காலேஜ் வாசலில் வேறொருவர் நின்றுகொண்டு, "நீ நாலாவது படிக்கு வந்தது சரி, இரண்டாவது படியில் கால் வைத்தாயா?" என்று கேட்கிறார்.

இதற்கு எதிர்க்கட்சியார் சொல்லும் சமாதானத்தையும் சொல்லிவிட வேண்டும். வக்கீல் தொழில் பிறத்தியாருடைய சொத்தையும் உயிரையும் கையில் வைத்திருக்கிற தொழில்; அதற்கு அஸ்திவாரம் வேண்டும்; அஸ்திவாரமில்லாமல் மாடி கட்டினவனை நம்ப முடியாது என்கிறார்கள். அஸ்திவாரம் வேண்டும் என்பது வாஸ்தவம். ஆனால் அஸ்திவாரம் இருக்கிறதா என்று பார்க்கிற வழி என்ன? ஆளைச் சோதித்துப் பார்ப்பதா, அவனுடைய பழைய காகிதத்தை எண்ணிப் பார்ப்பதா? நுழைவுப் பரீட்சை வையுங்கள். தமிழிலும் இங்கிலீஷிலும் எழுதச் சொல்லுங்கள். பிளஸ் டூ கேள்வித்தாளையே வேண்டுமானாலும் நீட்டுங்கள். தேறாவிட்டால் நானே போகச் சொல்லுகிறேன். சோதிக்கவே மாட்டேன், காகிதம் இல்லை, போ என்பது சோதனையல்ல, தீட்டு.

இங்கிலாந்தில் 1969-இல் திறந்தநிலைச் சர்வகலாசாலை என்று ஒன்று வைத்தார்கள். 1971 முதல் பாடம் நடத்துகிறார்கள். முன்படிப்பு என்ன என்றே கேட்காமல் அதில் சேர்த்துக்கொள்ளுகிறார்கள். ரேடியோவிலும் டெலிவிஷனிலும் பாடம் நடத்தினார்கள். தொழிற்சாலை ஆளும், சமையற்கட்டில் இருந்த பெண்ணும் படித்தார்கள். அங்கே உள்ளே போகிற வாசல் அகலம், வெளியே வருகிற வாசல் இடுக்கு. இங்கேயோ சில இடங்களில் இரண்டையும் அகலமாய் வைத்துவிட்டு, தெருவுக்கு வந்தவனைப் பிடித்து உதைக்கிறார்கள்.

ஏன் பிடித்து உதைக்கிறார்கள் என்பதற்கு ஒரு வழக்கைச் சொல்லவேண்டும். அதைச் சரியாய்ப் புரிந்துகொள்ளாமல்தான் ஊரெல்லாம் வதந்தி பரவியிருக்கிறது. 2009 பிப்ரவரியில் சுப்ரீம் கோர்ட்டில் அண்ணாமலைப் பல்கலைக்கழகம் சம்பந்தப்பட்ட ஒரு வழக்குத் தீர்ப்பாயிற்று. சினிமாப் பயிற்சிக் காலேஜின் முதல்வர் பதவி பற்றிய தகராறு அது. பதவிக்கு வந்தவர் பி.ஏ. இல்லாமலே திறந்தநிலை முறையில் நேராய் எம்.ஏ. வாங்கியிருந்தார். முதல் பட்டமில்லாமல் கொடுத்த எம்.ஏ. செல்லாது என்று கோர்ட்டு சொன்னது. நன்றாய்க் கவனியுங்கள்! முதல் பட்டமில்லாதவரை எம்.ஏ.வில் சேர்க்கக்கூடாது என்று அந்த 1985 விதிகளே சொல்லியிருந்தன. ஆகவே அது விதியை மீறிக் கொடுத்த பட்டம். விதிப்படி நுழைவுப் பரீட்சை எழுதி பி.ஏ. வாங்கின கண்டக்டரின் கதை வேறு. ஆனால் அந்தத் தீர்ப்பு வந்த சூட்டோடு, அதே 2009 ஆகஸ்டில் தமிழ்நாடு சர்க்கார், பத்தாவதும் பன்னிரண்டாவதும் தேறிய பிறகு திறந்தநிலைச் சர்வகலாசாலையில் பட்டம் வாங்கினவர்களை மட்டுமே சர்க்கார் உத்தியோகத்துக்கு எடுத்துக்கொள்ளலாம் என்று உத்தரவு போட்டது. வெள்ளாட்டைத் திருடினவனைத் தேடப் போய், ஆடு வைத்திருந்த எல்லோரையும் பிடித்துக்கொண்டுவந்த கதைதான்.

விதியை மீறி விற்றவன் யார்? சர்வகலாசாலை. அனுபவித்தவன் யார்? பணங்கட்டினவன். இதற்கு இதைவிடப் பெரிய உதாரணம் 2017 நவம்பர் 3-ந் தேதி சுப்ரீம் கோர்ட்டு சொன்ன தீர்ப்பு. சர்வகலாசாலைக்குச் சமமென்று பெயர் வாங்கிய நான்கு ஸ்தாபனங்கள், தொழில்நுட்பக் கல்விக் குழுவின் அனுமதியைக் கேட்காமலே தபாலில் இன்ஜினீயர் பட்டம் கொடுத்தன. நம் சேலத்து ஸ்தாபனம் ஒன்றும் அதில் இருந்தது. தொலைநிலைக் கல்விக் கவுன்சில் என்ற சர்க்கார் அமைப்போ, படிப்பு நடந்து முடிந்த பிறகு, போன தேதிக்கெல்லாம் சேர்த்து அனுமதி கொடுத்தது. கலியாணம் முடிந்து பிள்ளை பிறந்த பிறகு பெண் பார்க்கப் போன மாதிரி! அந்த அனுமதி செல்லாது என்று கோர்ட்டு தள்ளிவிட்டது. 2001 முதல் 2005 வரை சேர்ந்தவர்களின் பட்டத்தை நிறுத்திவைத்து, பரீட்சை எழுதித் தேறினால் திரும்பக் கொடுக்கலாம் என்றது. அதற்குப் பிறகு சேர்ந்தவர்களின் பட்டம் ரத்து.

தபாலில் இன்ஜினீயர் ஆக்குவது தவறு என்று முன்பே சொல்லிவிட்டேன். கோர்ட்டு அதை நிறுத்தியதில் எனக்கு ஆட்சேபணையில்லை. பரீட்சை எழுதித் தேறினால் பட்டம் என்று சொன்னதுகூட நான் சொல்லுகிற வழிதான். என் கேள்வி வேறு. கடை 2001-இல் திறந்தது. பூட்டு 2017-இல் விழுந்தது. நடுவே பதினாறு வருஷம் அங்கீகாரம் கொடுக்கிற கனவான்கள் எங்கே போயிருந்தார்கள்? அந்தப் பட்டத்தை நம்பி வேலையில் சேர்ந்து, பிரமோஷன் வாங்கி, பிள்ளையைப் பள்ளிக்கூடத்தில் சேர்த்தவன் கதி என்ன? கட்டின பணத்தைத் திருப்பிக் கொடுக்கச் சொல்லியும், சி.பி.ஐ. விசாரணை செய்யச் சொல்லியும் கோர்ட்டு உத்தரவிட்டது என்பது உண்மை. பணத்தைத் திருப்பலாம். இருபத்திரண்டு வயதைத் திருப்புவார்களா?

இதையெல்லாம் கேட்டுவிட்டு, அப்படியானால் தபாலில் படிக்கவே வேண்டாம் என்று யாரும் முடிவு கட்டிவிடாதீர்கள். படிக்க வேண்டும். சேருமுன் விசாரித்துச் சேரவேண்டும். மாடு வாங்கப் போனால் பல்லைப் பிடித்துப் பார்க்கிறோம். பட்டம் வாங்கப் போனால் மட்டும் நோட்டீஸில் இருக்கிற கட்டடப் படத்தைப் பார்த்துப் பணங்கட்டுகிறோம். யூ.ஜி.சி.யில் தொலைநிலைக் கல்விக்கென்று ஒரு பிரிவு இருக்கிறது. எந்தச் சர்வகலாசாலை எந்தப் படிப்பை எந்த வருஷத்தில் நடத்தலாம் என்று அது தன் வலைத்தளத்தில் ஜாபிதா போடுகிறது. சர்வகலாசாலைக்கு அங்கீகாரம் இருந்தால் போதாது. உங்கள் படிப்புக்கு, நீங்கள் சேருகிற அந்த வருஷத்துக்கு, இருக்கிறதா என்று பார்க்கவேண்டும். போன வருஷம் இருந்தது என்பது பேச்சல்ல. பார்த்த அன்றைக்கே அந்தப் பக்கத்தை அச்செடுத்துத் தேதி போட்டு வைத்துக்கொள்ளுங்கள், பத்து வருஷம் கழித்து எவனாவது கேட்டால் காட்டலாம். வேறு மாகாணத்துச் சர்வகலாசாலை நம் கடைத்தெருவில் மாடியறை பிடித்துப் போர்டு மாட்டியிருந்தால், அதற்கு இங்கே வந்து நடத்த அதிகாரம் உண்டா என்று கேளுங்கள். கேட்டதற்கு வாயால் மட்டும் பதில் சொல்லுகிறவரிடம் காசு கொடுக்காதீர்கள்.

பள்ளிக்கூடத்தைப் பாதியில் விட்டவர்களுக்கு இன்னொரு வார்த்தை. பார் கவுன்சிலின் அந்த விளக்கம் அநியாயம் என்று நான் சொன்னேன். அதை மாற்றச் சொல்லி நாம் கிளர்ச்சி செய்யவேண்டியதுதான். ஆனால் மாறும்வரை உங்கள் வயது காத்துக்கொண்டிராது. அதனால் முதலில் பத்தாவதையும் பன்னிரண்டாவதையும் முடித்துவிட்டுப் பட்டத்துக்குப் போங்கள். தேசியத் திறந்தநிலைப் பள்ளி என்று மத்திய சர்க்கார் ஸ்தாபனம் ஒன்று இருக்கிறது, 1989-இல் ஏற்பட்டது. அதில் இவ்விரண்டையும் வேலை பார்த்துக்கொண்டே எழுதலாம். தபாலில் முடித்த பிளஸ் டூ சட்டப் படிப்புக்குச் செல்லும் என்று அதே 5-வது விதி சொல்லுவதை முன்பே காட்டினேன். வைத்தியப் படிப்புக்காரர்கள் இந்தத் திறந்தநிலைப் பள்ளிப் பிள்ளைகளை நீட் பரீட்சையே எழுதவிடாமல் தடுத்தார்கள். நீட் வேண்டுமா வேண்டாமா என்பது வேறு கூட்டத்தில் பேசவேண்டிய விஷயம். அந்தத் தடை செல்லாது என்று 2018-இல் டில்லி ஹைகோர்ட்டு அடித்துத் தள்ளியது. கேட்டவர்கள் இருந்ததனால் வாசல் திறந்தது.

நம் வீடுகளிலும் இந்தத் தீட்டு இருக்கிறது என்பதைச் சொல்லாமல் விட்டால் நான் நியாயமாய்ப் பேசினவனாக மாட்டேன். பெண் கேட்டு வருகிறவன் "ரெகுலரா, கரஸ்ஸா?" என்று கேட்கிறான். காலேஜுக்குப் போகாமலே வருகைப் பதிவில் மட்டும் போய், அரியர் மேல் அரியர் வைத்துத் தேறின மருமகனை எவனும் அப்படிக் கேட்பதில்லை. விடியற்காலை நாலு மணிக்கு எழுந்து, அடுப்பு பற்ற வைக்கிறதற்கு முன்னே இரண்டு பக்கம் படித்து, ஞாயிற்றுக்கிழமை வகுப்புக்குப் பஸ் பிடித்துப் போய்த் தேறின பெண்ணைப் பார்த்துக் கேட்கிறான். இரண்டு பேருக்கும் ஒரே கேள்வித்தாளைக் கொடுத்து உட்காரவைத்துப் பார்த்தால் யாருக்கு மூச்சு முட்டும் என்பது கேட்கிறவனுக்கே தெரியும்.

நேரமாகிவிட்டது என்று தலைவர் மணியைப் பார்க்கிறார். இந்த வருஷம் சேருவதற்கு விண்ணப்ப பாரமும் நோட்டீஸும் கையில் கொண்டுவந்திருக்கிற தோழர்கள் போய்விடாதீர்கள். வாசகசாலை உள்ளறையில் கம்ப்யூட்டர் இருக்கிறது. ஒவ்வொன்றாய் அந்த ஜாபிதாவில் வைத்துப் பார்த்துவிடலாம். தாய்மார்கள் கடைசி பஸ்ஸுக்குப் போகவேண்டியிருப்பதால், அவர்களுடைய பாரத்தை முதலில் பார்ப்போம்.